கேள்வியைக் குறையுங்கள், இருவரைப் பேசவிடுங்கள்: இஸ்த்ரியாவில் மொழி ஆவணப்படம்

குரோஷியாவின் இஸ்த்ரியாவில், ஊச்கா மலைக்கு வடக்கே ஜெயானெ, தெற்கே ஷுஷ்னியெவிட்சாவும் அதை ஒட்டிய சிற்றூர்களும். இங்கே முதியவர்கள் பேசும் லத்தீன் வழி மொழிக்கு அறிஞர்கள் இஸ்த்ரோ-ருமேனியன் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். ஊர்க்காரர்களைக் கேட்டால் வடக்கே அது ஜெயான்ஸ்கி, தெற்கே விலாஷ்கி. படத்தில் எந்த ஊர் பேசுகிறதோ அந்த ஊரின் பெயரையே போடுங்கள். இரண்டையும் ஒன்றாக்கினால் முதல் திரையிடலிலேயே சண்டை வரும்.

படம் கெடுவது பெரும்பாலும் கேள்வியில்தான். இவர்கள் எல்லாருக்கும் குரோஷியம் சரளம். நீங்கள் குரோஷியத்தில் கேட்டால் மரியாதைக்காகக் குரோஷியத்திலேயே பதில் சொல்வார்கள். ஒரு மணி நேரம் எடுத்தும் மொழி கிடைக்காது. தினமும் பேசிக்கொள்ளும் இருவரை, அக்கா தங்கையோ பக்கத்து வீட்டாரோ, சமையலறை மேசையில் உட்காரவையுங்கள். கையில் ஒரு வேலையோ பழைய புகைப்படமோ கொடுங்கள். கேமராவை ஸ்டாண்டில் நிறுத்திவிட்டு விலகுங்கள். முதல் இருபது நிமிடம் பெரும்பாலும் வீண், பேச்சு சூடு பிடிப்பது அதன் பிறகுதான். சம்மதத்தையும் அவர்கள் மொழியிலேயே கேமரா முன் சொல்லவையுங்கள்.

ஒலி: ஆளுக்கொரு காலர் மைக், தாடையிலிருந்து ஒரு சாண் கீழே. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், சுருக்காத வேவ் கோப்பு. ரெக்கார்டரின் அளவுமானியில் உச்சம் -12 டெசிபலைத் தாண்டாமல் இருக்கட்டும். ஃப்ரிட்ஜை அணைத்ததும் கார் சாவியை அதற்குள் வையுங்கள், கிளம்பும்போது மறுபடி போட மறக்க மாட்டீர்கள். சுவர்க் கடிகாரத்தையும் கழற்றுங்கள். அங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். நொடிக்கு 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50 நொடி வைக்காவிட்டால் விளக்கொளி துடிக்கும்.

ஜெயானெயில் கார்னிவல் காலத்தில் இடுப்பில் பெரிய மணிகள் கட்டிச் சுற்றும் ஸ்வோன்சாரிகளை எடுக்கத் தனி ஏற்பாடு வேண்டும். பேச்சுக்கு வைத்த ஒலியளவில் முதல் குலுக்கலிலேயே ஒலி உடையும், உடைந்ததை எடிட்டிங்கில் ஒட்ட முடியாது. மிக உரத்த ஒலியையும் உடையாமல் பதியும் 32 பிட் ஃப்ளோட் ரெக்கார்டர் இருந்தால் நல்லது. இல்லையேல் அதே ஒலியை 20 டெசிபல் குறைத்து இன்னொரு சேனலிலும் பதியுங்கள். குளிரில் பேட்டரி சீக்கிரம் இறங்கும், உபரியைச் சட்டைப் பைக்குள் வைத்திருங்கள்.

எழுத்தாக்கத்துக்கு ஈலான் என்ற இலவச மென்பொருள் போதும். ஒரு வரிசையில் பேசியது பேசியபடி, இன்னொன்றில் பொருள். ருமேனியம் தெரிந்தவரிடம் மட்டும் கொடுத்துவிடாதீர்கள். 'நல்ல' என்பதற்கு ருமேனியத்தில் புன், இங்கே புர். உயிரெழுத்துகளுக்கு நடுவே இருந்த பழைய 'ன்' இம்மொழியில் 'ர்' ஆகிவிட்டது. அதைப் பிழை என்று நினைத்துத் திருத்திவிடுவார்கள். எண்ணச் சொன்னால் எட்டிலிருந்து பெரும்பாலும் குரோஷியச் சொற்கள் வரும். அவற்றையும் வெட்டாதீர்கள், அதுதான் இம்மொழியின் இன்றைய உருவம். ஒவ்வொரு வரியையும் பேசியவரிடமோ அதே ஊர்க்காரரிடமோ போட்டுக் காட்டிச் சரிபாருங்கள். ஒரு மணி நேரப் பேச்சுக்கு முப்பது நாற்பது மணி நேர வேலை ஆகும், பட்ஜெட்டில் முதலில் இதற்கு ஒதுக்குங்கள்.

படம் 50 நிமிடம் என்றால் பதிவு 50 மணி நேரம் இருக்கும். வெட்டாத மூலப் பதிவில் மூன்று பிரதி எடுங்கள்: இரண்டு தனித்தனி டிஸ்க்கில், ஒன்று வேறு ஊரில் ஓர் ஆவணக் காப்பகத்தில். பேசியவர்களின் வீட்டுக்குப் பென் டிரைவில் சாதாரண எம்பி4 கொடுங்கள். வேவ் கோப்பை அவர்கள் டிவி திறக்காமல் போகலாம்.