ராஜினாமாக் கடிதத்தில் கையெழுத்துப் போடும் முன்

இனிப்புநீர், கிட்னி, இதயம், லூபஸ் என்று தீராத நோய் ஒன்றை வைத்துக்கொண்டு கோலாலம்பூரில் வேலைக்குப் போய்வருகிறவர்களுக்கு இது. ஒருநாள் எச்.ஆர். கூப்பிட்டு, "உடம்பைப் பாருங்கள், நீங்களே எழுதிக் கொடுத்துவிட்டால் மரியாதையாக இருக்கும்" என்று கனிவாகச் சொல்லித் தாளை நீட்டினால், அங்கேயே கையெழுத்துப் போடாதீர்கள். வீட்டில் படித்துவிட்டுச் சொல்கிறேன் என்று வாங்கிக்கொண்டு வாருங்கள். வற்புறுத்தி வாங்கிய ராஜினாமாவைத் தொழில் நீதிமன்றம் பணிநீக்கமாகப் பார்க்கும்தான், ஆனால் வற்புறுத்தியதை நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும், மூடிய அறைக்குள் நடந்த பேச்சுக்குச் சாட்சிக்கு எங்கே போவீர்கள்? அன்றைக்கே ஒரு மின்னஞ்சல் தட்டிவிடுங்கள்: இன்று இன்னார் என்னை விலகச் சொன்னார், நான் சம்மதிக்கவில்லை. இரண்டு வரி போதும்.

அடுத்தது எம்.சி., அதாவது டாக்டர் சான்றிதழில் எடுக்கும் நோய் விடுப்பின் கணக்கு. 1955 வேலைச் சட்டப்படி, சேர்ந்து 2 வருடம் ஆகாதவருக்கு ஆண்டுக்கு 14 நாள், 2 முதல் 5 வருடத்துக்குள் 18, அதற்கு மேல் 22. மருத்துவமனை விடுப்பு 60 நாள். 2023 முதல் அது தனிக் கணக்கு, எம்.சி. எடுத்த நாட்களை அதில் கழிக்கக் கூடாது. வார்டில் படுத்தே ஆக வேண்டும் என்றும் இல்லை. படுக்க வேண்டிய அளவுக்கு உடம்பு முடியவில்லை என்று டாக்டர் எழுதிக் கொடுத்தால், வீட்டில் இருந்தாலும் அந்த 60 நாளில்தான் சேரும். இதை யாரும் தானாக வந்து சொல்ல மாட்டார்கள். ஒரு கண்ணி இருக்கிறது: எம்.சி. கையில் இருந்தாலும், விடுப்பு தொடங்கி 48 மணி நேரத்துக்குள் கம்பெனிக்குத் தெரிவிக்கவில்லை என்றால் அனுமதியில்லாமல் வராத கணக்குதான். போனில் சொன்னாலும் வாட்சப்பிலும் படம் எடுத்துப் போட்டுவிடுங்கள்.

சரி, வேலையை விட்டு நிறுத்தியே விட்டார்கள். நோயாளியை நிறுத்தவே கூடாது என்று சட்டம் சொல்லவில்லை. ஆனால் மருத்துவ அறிக்கை கேட்டார்களா, குணமாக நேரம் கொடுத்தார்களா, செய்யக்கூடிய வேறு வேலை இருக்கிறதா என்று யோசித்தார்களா என்பதெல்லாம் கேள்வியாக வரும். நிறுத்திய நாளிலிருந்து 60 நாளுக்குள் தொழில் உறவு இலாகாவில் (ஜபாத்தான் பெர்ஹுபுங்கான் பெருசஹாஆன்) மனுக் கொடுக்க வேண்டும். தொழிலாளர் இலாகா வேறு, அது சம்பள பாக்கி போன்றவற்றுக்கு. அங்கே அலைந்து நாளைக் கோட்டை விடாதீர்கள், 60 தாண்டினால் நீட்டிப்பு கிடையாது. மனுவுக்குக் கட்டணம் இல்லை. முதலில் சமரசப் பேச்சு, அதில் வக்கீல் வாதாட முடியாது. அதில் தீராமல் தொழில் நீதிமன்றத்துக்குப் போனால் வக்கீல் வைக்கலாம். வசதி இல்லாதவர்கள் வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்தில் கேட்டுப் பாருங்கள், கோலாலம்பூரிலும் பினாங்கிலும் இருக்கிறது, வருமானத்தைப் பார்த்துத்தான் எடுப்பார்கள்.

உண்மையிலேயே இனி வேலை செய்ய முடியாது என்றால் சொக்சோவின் (தொழிலாளர் சமூகப் பாதுகாப்பு நிறுவனம்) இலாட் பென்ஷனுக்கு, அதாவது இயலாமை ஓய்வூதியத்துக்கு, விண்ணப்பியுங்கள். 60 வயதுக்குள் இருக்க வேண்டும், மருத்துவ வாரியம் பார்த்து முடிவு சொல்லும். முழுத் தகுதிக்கு ஒரு வழி, விண்ணப்பத்துக்கு முந்தைய 40 மாதத்தில் 24 மாதமாவது சந்தா கட்டியிருப்பது. வேலையை விட்டுவிட்டு அப்புறம் பார்க்கலாம் என்று வருடக்கணக்கில் இருந்தால் அந்த 24 கரைந்துகொண்டே போகும்.