மோட்டார் படகு விபத்தில் நீரில் மூழ்கியவருக்குக் குறியீடு இடும் முறை

நீரில் மூழ்கியவரின் சார்ட்டை, அதாவது மருத்துவப் பதிவேட்டைத் திறந்ததும், அதற்குக் குறியீடு இடும் கோடரின் கண் மூச்சுத்திணறல், வென்டிலேட்டர், எக்ஸ்ரே ஆகியவற்றின் மீது போவது இயல்புதான். ஆயினும் பாதிப்பு எப்படி நேர்ந்தது என்பதைச் சொல்லும் புறக்காரணக் குறியீட்டைத் தேர்ந்தெடுக்கும்போது முதலில் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி, படகுக்கு என்ன ஆயிற்று என்பதே. அமெரிக்க மருத்துவமனைகளில் 2015 அக்டோபர் 1 முதல் பயன்பாட்டில் உள்ள ஐசிடி-10-சிஎம் என்னும் நோய்க் குறியீட்டுத் தொகுப்பு, இந்த ஒரு கேள்வியின் விடையைக் கொண்டே இரண்டு வெவ்வேறு வகைப்பாடுகளைப் பிரித்து வைத்திருக்கிறது.

படகே விபத்துக்குள்ளாகி, அதனால் ஒருவர் மூழ்கியிருந்தால் வி90 வகைப்பாட்டுக்குச் செல்ல வேண்டும். இதில் நான்காம் எழுத்து, படகுக்கு நேர்ந்ததைச் சொல்கிறது: கவிழ்ந்ததற்கு 0, மூழ்கியதற்கு 1, எரியும் படகிலிருந்து விழுந்ததற்கு அல்லது குதித்ததற்கு 2, நசுங்கிய படகிலிருந்து விழுந்ததற்கு அல்லது குதித்ததற்கு 3, படகுக்கு நேர்ந்த பிற விபத்துகளுக்கு 8. படகு பழுதின்றி மிதந்துகொண்டிருக்க, அதிலிருந்தவர் மட்டும் நீரில் விழுந்து மூழ்கியிருந்தால் வி92 பொருந்தும். அங்கே தவறி விழுந்ததற்கு 0, படகின் அசைவால் தூக்கி எறியப்பட்டதற்கு 1, அலையால் அடித்துச் செல்லப்பட்டதற்கு 2 என்று பிரிவுகள் உள்ளன. இவ்விரு வகைப்பாடுகளும் ஒன்றையொன்று எக்ஸ்க்லூட்ஸ்1 குறிப்பால் விலக்குவதால், ஒரே நிகழ்வுக்கு இரண்டையும் சேர்த்து இட இயலாது.

ஐந்தாம் எழுத்து படகின் வகையைக் காட்டும். மோட்டார் படகுக்கு உரியது பெரும்பாலும் 3, அதாவது ‘இயந்திரத்தால் இயங்கும் பிற நீர்வாகனம்’. ஜெட் ஸ்கீயும் இதிலேயே அடங்கும். ‘பிற’ என்ற சொல்லைக் கவனிக்க வேண்டும். வணிகக் கப்பலுக்கு 0, பயணிகள் கப்பலுக்கு 1, மீன்பிடிப் படகுக்கு 2 எனத் தனி எண்கள் இருப்பதால், இயந்திரம் பொருத்திய மீன்பிடிப் படகு 3-க்கு வராமல் 2-க்கே செல்லும். இதற்கு எதிர்த்திசையில் நேரும் பிழையும் உண்டு: காற்றடைத்த ரப்பர் படகு என்று கண்டவுடன் 6-ஐ இட்டுவிடுகிறார்கள். அந்த எண் இயந்திரமில்லாத ரப்பர் படகுக்கு மட்டுமே உரியது. பின்புறம் மோட்டார் இருந்தால் 3-தான் சரி. வெறுமனே ‘படகு’ என்று மட்டும் எழுதியிருந்து, வேறெங்கும் விவரம் கிடைக்காதபோதே 9-ஐ நாட வேண்டும்.

உலக சுகாதார அமைப்பின் மூல ஐசிடி-10 தொகுப்பில் பழகியவர்களுக்கு இங்கே ஒரு பொறி காத்திருக்கிறது. அதில் நான்காம் எழுத்தே படகின் வகையைக் குறிப்பதால், வி90.3 என்பது இயந்திரப் படகு விபத்தைச் சுட்டும். அமெரிக்கத் தொகுப்பிலோ அதே வி90.3 நசுங்கிய படகுக்கு உரியது. எண் ஒன்றாகவும் பொருள் வேறாகவும் இருப்பதால், நினைவிலிருந்து எழுதாமல், குறியீடுகளை வரிசையாகத் தரும் டேபுலர் லிஸ்ட்டில் சரிபார்த்தே இட வேண்டும்.

ஒரு மாதிரிக் குறிப்பை எடுத்துக்கொள்வோம்: “41 வயது ஆண். விடுமுறையில் மோட்டார் படகில் சென்றபோது படகு வேகமாகத் திரும்பியதில் நீரில் வீசப்பட்டார். படகுக்குச் சேதமில்லை. ஆக்சிஜன் குறைவுடன் கூடிய கடும் சுவாசச் செயலிழப்பு. செயற்கை சுவாசம் அளிக்கப்பட்டது.” படகுக்கு ஒன்றும் ஆகவில்லை என்பதால் வி92, படகின் அசைவு வீசியதால் வி92.1, மோட்டார் படகு என்பதால் வி92.13. சிகிச்சையின் கட்டத்தைக் காட்டும் ஏழாம் இடத்தை நிரப்ப வேண்டியிருப்பதால் ஆறாம் இடத்தில் எக்ஸ் என்ற இடநிரப்பியை வைத்து, பாதிப்புக்கான நேரடிச் சிகிச்சை நடக்கும் கட்டம் என்பதற்காக ஏ சேர்த்தால், வி92.13எக்ஸ்ஏ என்று முடியும்.

ஆனால் இது முதலில் வராது. புறக்காரணக் குறியீடு எந்நிலையிலும் முதன்மை நோயறிதலாக நிற்க முடியாது; உடலுக்கு நேர்ந்த விளைவின் குறியீடே முன்னால் வர வேண்டும். டி75.1 என்பது மூழ்கியதன் குறிப்பிடப்படாத விளைவுகளுக்கு உரியது. விளைவு இன்னதென்று மருத்துவர் எழுதியிருந்தால் அந்த விளைவுக்கே குறியீடு இட வேண்டும் என்று அங்குள்ள விலக்குக் குறிப்பு கூறுகிறது. எனவே மேற்கண்ட நோயாளிக்கு, ஆக்சிஜன் குறைவுடன் கூடிய கடும் சுவாசச் செயலிழப்புக்கான ஜே96.01 முன்னால் வரும். மூழ்கினார் என்பதைத் தவிர வேறெதுவும் பதிவாகாத சார்ட்டுக்கே டி75.1எக்ஸ்எக்ஸ்ஏ பொருந்தும். பழக்கத்தால் எல்லாச் சார்ட்டிலும் டி75.1-ஐ இடுவதுதான் இத்துறையில் நான் மிகுதியாகக் காணும் பிழை.

நிகழிடத்துக்கு ஒய்92, செயலுக்கு ஒய்93, பணி நிலைக்கு ஒய்99 ஆகியவை முதல் சிகிச்சையின்போது ஒரே ஒருமுறை மட்டும் இடப்படும். படகில் இருந்தவருக்கு ஒய்92.814, ஓய்வுநேரப் பயணத்துக்கு ஒய்99.8, ஊதியத்துக்காகப் படகு ஓட்டியவருக்கு ஒய்99.0 பொருந்தும். விவரம் இல்லையெனில் இவற்றை விட்டுவிடலாம். ‘குறிப்பிடப்படாத’ எண்ணைத் தேடி இடுவதில் பயனில்லை.

நீந்திக்கொண்டிருந்தவரை மோட்டார் படகு மோதிக் காயப்படுத்தினால், அவர் படகில் இருந்தவர் அல்லர் என்பதால் வி94.11-ஐப் பார்க்க வேண்டும். பழுதில்லாத படகிலிருந்து தானாகக் குதித்து முக்குளித்தவர் டபிள்யூ16 வகைப்பாட்டில் அடங்குவார்.

படகு கவிழ்ந்ததா, அவர் தவறி விழுந்தாரா என்பது தெளிவில்லாத சார்ட்டுகளில் ஊகித்து எண் இடாமல், மருத்துவருக்கு வினவல் அனுப்புவதே முறை. இத்தகைய விவரம் ஆம்புலன்ஸ் பணியாளர் எழுதிய தாளில் ஒரு வரியாக ஒளிந்திருப்பதும் உண்டு. ஆகவே வினவலை எழுதுவதற்கு முன் அந்தத் தாளை ஒருமுறை படித்துவிட வேண்டும்.