டிஸ்சார்ஜ் சம்மரி: ஒரே சொல், இடத்துக்கு இடம் வேறு பொருள்

ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்ததும் ஃபைலைப் பிரித்து, புரியாத சொல்லையெல்லாம் செல்போனில் தேட ஆரம்பித்தால் ஐந்தே நிமிடத்தில் வயிற்றைக் கலக்கிவிடும். ஈ.சி.ஜி. வரியில் ‘எஸ்.டி. டிப்ரெஷன்’ என்று இருக்கும். தேடினால் மனச்சோர்வு என்று வரும். அங்கே அந்தச் சொல், கோடு தன் மட்டத்துக்குக் கீழே இறங்கியிருப்பதைத்தான் குறிக்கிறது. இதயத் தசைக்கு ரத்தம் போதவில்லையோ என்று டாக்டரை யோசிக்க வைக்கும் குறி அது. மண்டை ஓட்டு ஸ்கேனில் ‘டிப்ரெஸ்டு ஃப்ராக்சர்’ என்றால் எலும்பு உடைந்து உள்ளே அமுங்கியிருக்கிறது. மனநல மருத்துவரின் தாளில் வந்தால்தான் அது மனச்சோர்வு.

அதனால் அகராதி கடைசி வேலை. சொல் எந்தத் தலைப்பின் கீழ் உட்கார்ந்திருக்கிறது என்று பார்ப்பதுதான் முதல் வேலை.

படி 1: பேசுவது யார்?

பென்சில் எடுத்துத் தலைப்புகளை வட்டமிடுங்கள். ‘கம்ப்ளெயின்ட்ஸ்’, ‘ஹிஸ்டரி’ பகுதிகளில் பேசுவது நோயாளி. டாக்டர் அதை எழுதிக்கொண்டவர், அவ்வளவுதான். ‘எக்ஸாமினேஷன்’ பகுதி டாக்டர் தொட்டும் கேட்டும் பார்த்தும் கண்டது. ‘இன்வெஸ்டிகேஷன்ஸ்’ என்றால் ரத்தப் பரிசோதனையும் ஸ்கேனும். ‘டயக்னோசிஸ்’ முடிவு. ‘அட்வைஸ்’ வீட்டில் நீங்கள் செய்ய வேண்டியது.

கம்ப்ளெயின்ட் என்பது இங்கே புகார் அல்ல, நோயாளி சொன்ன தொந்தரவு. ‘டினைஸ் ஆல்கஹால்’ என்று பார்த்துவிட்டு ‘அப்பா பொய் சொல்றார்னு எழுதியிருக்காங்க’ என்று சண்டைக்குப் போகிறவர்கள் உண்டு. கேட்டதற்கு ‘குடிப்பதில்லை’ என்றார், அதுதான் பொருள்.

படி 2: ஒரு தாளை வரி வரியாகப் பிரிப்போம்

தமிழ்நாட்டு ஆஸ்பத்திரிகளில் அடிக்கடி பார்க்கக்கூடிய நடையில் ஒரு மாதிரித் தாள்:

58 வயது ஆண். கே/சி/ஓ டி.எம்., எஸ்.ஹெச்.டி.என்.
சி/ஓ பிரெத்லெஸ்னெஸ் 3 நாட்கள். நோ ஹெச்/ஓ செஸ்ட் பெயின்.
ஓ/இ: கான்ஷியஸ், ஓரியன்டட், அஃபெப்ரைல். பி.பி. 150/90. எஸ்.பி.ஓ.2 94% ஆர்.ஏ.
சி.வி.எஸ்.: எஸ்1 எஸ்2 +. ஆர்.எஸ்.: பைலேட்டரல் பேசல் க்ரெப்ஸ் +.
பி/ஏ: சாஃப்ட், பி.எஸ். +. சி.என்.எஸ்.: என்.எஃப்.என்.டி.
எக்கோ: எல்.வி.இ.எஃப். 38%.
டயக்னோசிஸ்: அக்யூட் ஹார்ட் ஃபெயிலியர். ? சி.ஏ.டி. ஆர்/ஓ நிமோனியா.

‘கே/சி/ஓ’ என்றால் ஏற்கெனவே தெரிந்த நோய். இவருக்குச் சர்க்கரையும் ரத்தக்கொதிப்பும். ‘சி/ஓ’ சொன்ன தொந்தரவு, இங்கே மூச்சுத் திணறல். ‘ஹெச்/ஓ’ முன்பு நடந்தது. ‘ஓ/இ’ டாக்டர் பரிசோதித்தபோது கண்டது. அதற்கு முன்னால் ஒட்டியிருக்கும் ‘நோ’வைத் தவறவிடாதீர்கள். இல்லாத நோய்களின் பட்டியல் இந்தத் தாள்களில் நீளமாக இருக்கும். வேகமாகப் படிக்கிற கண் ‘நோ’வை விட்டுவிட்டு நோயின் பெயரில் போய் நிற்கும். ‘அஃபெப்ரைல்’ என்பதிலும் அதே கதைதான்: முன்னால் நிற்கும் ‘அ’ இல்லை என்கிறது. காய்ச்சல் இல்லை.

‘ஆர்.ஏ.’ பெரிய பொறி. ஆக்சிஜன் அளவுக்குப் (எஸ்.பி.ஓ.2) பக்கத்தில் வந்தால் ‘ரூம் ஏர்’: ஆக்சிஜன் வைக்காமல், அறைக்காற்றை சுவாசித்தபோது எடுத்த அளவு. டயக்னோசிஸ் வரியில் வந்தால் ருமட்டாய்டு ஆர்த்ரைட்டிஸ் என்ற மூட்டு நோய். எக்கோ (இதய ஸ்கேன்) ரிப்போர்ட்டில் வந்தால் இதயத்தின் வலது மேலறை. ‘பி.எஸ்.’ அதைவிட மோசம். வயிற்று வரியில் (பி/ஏ) குடல் சத்தம், நுரையீரல் வரியில் (ஆர்.எஸ்.) மூச்சுச் சத்தம், லேப் வரியில் ரத்தச் சர்க்கரை.

கூட்டல் குறி ‘இருக்கிறது’ என்பதற்கு. இதய வரியில் (சி.வி.எஸ்.) எஸ்1 எஸ்2 என்பது இதயத்தின் ‘லப் டப்’. அது கேட்க வேண்டியதே, நல்ல சேதி. க்ரெப்ஸ் என்பது நுரையீரலின் அடிப்பகுதியில் கேட்கும் நொறுநொறுச் சத்தம். அதற்கும் அதே கூட்டல் குறிதான், ஆனால் இது கேட்கக் கூடாதது. குறியை மட்டும் பார்த்து முடிவுக்கு வர முடியாது. வயிறு ‘சாஃப்ட்’ என்றால் நல்லது. நரம்பு மண்டல வரியில் (சி.என்.எஸ்.) ‘என்.எஃப்.என்.டி.’ என்றால் கை கால் இழுப்பு, வாய் கோணல் போன்ற நரம்புக் குறைபாடு எதுவும் தெரியவில்லை.

எல்.வி.இ.எஃப். 38 என்பதைப் பரீட்சை மார்க் போல நூற்றுக்கு முப்பத்தெட்டு என்று படிக்கக் கூடாது. ஒவ்வொரு துடிப்பிலும் இடது கீழறையில் உள்ள ரத்தத்தில் எத்தனை சதவீதம் வெளியே தள்ளப்படுகிறது என்ற கணக்கு இது. ஆரோக்கியமான இதயத்துக்கே ஏறக்குறைய 55 முதல் 70தான். 40-ம் அதற்குக் கீழும் குறைவு.

படி 3: டாக்டர் எவ்வளவு உறுதியாகச் சொல்கிறார்?

மேலே டயக்னோசிஸ் வரியில் மூன்று நோய்கள் இருக்கின்றன, மூன்றும் ஒரே தரம் அல்ல. முதலாவது முடிவு. இரண்டாவதான சி.ஏ.டி.க்கு (இதய ரத்தக்குழாய் நோய்) முன்னால் கேள்விக்குறி, அதாவது சந்தேகம். மூன்றாவதில் ‘ஆர்/ஓ’ இருக்கிறது. ‘ரூல் அவுட்’ என்றதும் ‘இல்லை என்று தெரிந்துவிட்டது’ என்று படிக்கத் தோன்றும். அது தவறு. ‘இருக்கிறதா என்று பரிசோதித்து விலக்க வேண்டும்’ என்பதற்கான குறிப்பு அது. விலக்கியாகிவிட்டது என்றால் ‘ரூல்டு அவுட்’ என்று இருக்கும். ஓர் எழுத்து மாறினால் சேதியே தலைகீழ்.

ஸ்கேன் ரிப்போர்ட்டின் கடைசியில் வரும் ‘க்ளினிக்கல் கோரிலேஷன் சஜஸ்டட்’ பயப்பட வேண்டிய வரி அல்ல. நோயாளியை நேரில் பார்த்த டாக்டர் இந்தப் படத்தை அவருடைய தொந்தரவோடு பொருத்திப் பார்க்கட்டும் என்கிறார் ரேடியாலஜிஸ்ட். ‘அன்ரிமார்க்கபிள்’ என்றால் சொல்லும்படி கோளாறு எதுவும் இல்லை.

படி 4: தமிழே வழுக்கும் இடங்கள்

‘அக்யூட்’ என்பதைப் பத்திரிகைகள் ‘கடுமையான’ என்று எழுதிவிடுகின்றன. அந்தச் சொல் பேசுவது காலத்தை: திடீரென்று வந்தது. அதற்கு எதிர்ச்சொல் ‘க்ரானிக்’, நாள்பட்டது. கடுமையைச் சொல்ல ‘மைல்டு’, ‘மாடரேட்’, ‘சிவியர்’ என்று தனிச் சொற்கள் இருக்கின்றன. நேற்று பிடித்த சாதாரணத் தொண்டைவலியும் அக்யூட்தான்.

‘மாரடைப்பு’ என்ற ஒரே சொல்லுக்குள் நாம் மூன்றைப் போட்டு அடைத்துவிடுகிறோம். இதயத் தசைக்கு ரத்தம் கொண்டுபோகும் குழாய் அடைபட்டால் ஹார்ட் அட்டாக். மாரடைப்பு என்ற பெயர் இதற்குத்தான் பொருந்தும். இதயம் துடிப்பதையே நிறுத்திவிட்டால் கார்டியாக் அரெஸ்ட். தேவையான அளவு ரத்தத்தை இதயத்தால் இறைக்க முடியாவிட்டால் ஹார்ட் ஃபெயிலியர். நம் மாதிரித் தாளில் இருப்பது மூன்றாவது. ‘ஃபெயிலியர்’ என்று படித்ததும் இதயம் நின்றுவிட்டது என்று நினைக்க வேண்டாம். மருந்தும் உப்புக் கட்டுப்பாடுமாகப் பல ஆண்டுகள் வாழ்கிறவர்கள் இருக்கிறார்கள்.

பயாப்சியில் ‘நெகட்டிவ் ஃபார் மாலிக்னன்சி’ என்றால் எடுத்த சதையில் புற்றுநோய் காணப்படவில்லை. கல்ச்சரில் ‘பாசிட்டிவ்’ என்றால் கிருமி வளர்ந்திருக்கிறது. ரத்த வகையில் நெகட்டிவ் நல்லதும் இல்லை, கெட்டதும் இல்லை.

படி 5: நீளமான சொல்லை வாலிலிருந்து வெட்டுங்கள்

‘ஐட்டிஸ்’ என்று முடிந்தால் அழற்சி. ‘எக்டமி’ வெட்டி எடுத்தது. ‘ஆஸ்டமி’ வெளியே வழி திறந்துவிட்டது. ‘ஸ்கோப்பி’ குழாய் விட்டுப் பார்த்தது. ‘மெகலி’ வீங்கிப் பெருத்தது. ‘ஈமியா’ ரத்தத்தில், ‘யூரியா’ சிறுநீரில். ஆனால் லேப் ரிப்போர்ட்டில் தனியாக நிற்கும் ‘யூரியா’ வேறு, அது ஒரு கழிவுப்பொருள்.

தலைப்பக்கம் ‘ஹைப்பர்’ அதிகம், ‘ஹைப்போ’ குறைவு. காதில் இரண்டும் ஒன்றுபோல விழும், வைத்தியம் நேரெதிர். போனில் சேதி சொல்லும்போது ‘சர்க்கரை கூடியிருக்கு’, ‘இறங்கியிருக்கு’ என்று தமிழில் சொல்லிவிடுவது உத்தமம்.

படி 6: லேப் தாளில் தடித்த எழுத்து

எண்ணுக்குப் பக்கத்தில் அச்சிட்டிருக்கும் எல்லை, பெரும்பாலும் ஆரோக்கியமானவர்களில் 95 சதவீதம் பேருடைய அளவு விழும் இடைவெளி. மீதி 5 சதவீதம் பேருக்கு ஒரு நோயும் இல்லாமலே அளவு வெளியே விழும். ஒன்றையொன்று சாராத 20 பரிசோதனைகள் செய்தால், நல்ல உடம்புக்காரருக்கும் ஒன்றாவது எல்லைக்கு வெளியே விழுந்து தடித்த எழுத்தில் வர ஏறக்குறைய 64 சதவீத வாய்ப்பு. எல்லையை எவ்வளவு தாண்டியிருக்கிறது, போன தடவை எவ்வளவு இருந்தது என்ற இரண்டையும் பாருங்கள்.

அலகையும் பாருங்கள். சிங்கப்பூரிலோ மலேசியாவிலோ இருக்கும் பிள்ளை ‘சுகர் 7’ என்றால் இங்கே இருப்பவர்கள் பதறக் கூடாது. அங்கே மில்லிமோல் கணக்கு. 18-ஆல் பெருக்கினால் 126 மில்லிகிராம்.

படி 7: மருந்துச் சீட்டு (உயிர் போகிற இடம் இதுதான்)

‘ஓ.டி.’ ஒரு நாளைக்கு ஒரு முறை. கண்ணாடிச் சீட்டில் வந்தால் வலது கண். ‘பி.டி.’ இரண்டு முறை, ‘டி.டி.எஸ்.’ மூன்று முறை. ‘ஹெச்.எஸ்.’ படுக்கும்போது. ‘எஸ்.ஓ.எஸ்.’ தேவைப்பட்டால் மட்டும். ‘1-0-1’ காலை ஒன்று, மதியம் வேண்டாம், இரவு ஒன்று. ‘5/7’ என்பது பின்னம் அல்ல, ஐந்து நாள். ‘2/52’ இரண்டு வாரம். ‘3/12’ மூன்று மாதம்.

பிசகுவது எங்கே? மூட்டு நோய்க்கும் சொரியாசிஸ் என்ற தோல் நோய்க்கும் கொடுக்கும் மெத்தோட்ரெக்ஸேட் வாரம் ஒரு நாள் மட்டும் சாப்பிட வேண்டியது. தினமும் விழுங்கினால் வாய்ப்புண்ணில் தொடங்கி ரத்த அணுக்கள் சரிந்து உயிருக்கே ஆபத்து. எந்தக் கிழமை என்று அட்டையின் மேலேயே எழுதி வையுங்கள். இன்சுலினுக்குக் கையால் ‘4யு’ என்று எழுதும்போது ஆங்கில ‘யு’ எழுத்து பூஜ்யம் போலத் தெரிந்தால் 4 யூனிட் 40 ஆகிவிடும். தைராய்டு மாத்திரை மைக்ரோகிராம் கணக்கு. ஒரு மில்லிகிராம் ஆயிரம் மைக்ரோகிராம். மருந்தின் ஜெனரிக் பெயரை (கம்பெனி வைத்த பெயர் அல்ல, மருந்தின் பொதுப் பெயர்) தெளிவாக, முடிந்தவரை பெரிய எழுத்தில் எழுத வேண்டும் என்று மருத்துவக் கவுன்சில் 2016-லேயே விதியைத் திருத்தியிருக்கிறது. கிறுக்கலாக இருந்தால் திரும்ப எழுதித் தரச் சொல்லிக் கேட்கக் கூச்சப்பட வேண்டாம்.

படி 8: மனநலத் தாள்

இதில் பாதிச் சொற்கள் தெருவில் புழங்குபவை, அதனால்தான் ஆபத்து. ‘மூட்’ என்றால் நோயாளி சொன்ன மனநிலை; பல டாக்டர்கள் ‘மனசு சரியில்ல’ என்று அவர் சொன்னபடியே எழுதுவார்கள். ‘அஃபெக்ட்’ என்றால் முகத்திலும் குரலிலும் டாக்டர் கண்டது. இரண்டும் ஒத்துப்போகாவிட்டால் அதுவும் ஒரு குறிப்பு. ‘யூதைமிக்’ என்றால் இயல்பான மனநிலை. ‘இன்சைட் 4/6’ மார்க் போலத் தெரியும். தனக்கு நோய் இருப்பதை எந்த அளவுக்கு உணர்கிறார் என்ற ஆறு படிகளில் நான்காவது. 1 என்றால் நோயே இல்லை என்கிறார்.

ஸ்கிசோஃப்ரினியா என்ற மனச்சிதைவு நோயில் ‘பாசிட்டிவ் சிம்ப்டம்’ நல்ல அறிகுறி அல்ல. இருக்கக் கூடாதது கூடுதலாக வந்திருக்கிறது: காதில் குரல் கேட்பது, அசைக்க முடியாத சந்தேகம். ‘நெகட்டிவ்’ என்றால் இருக்க வேண்டியது குறைந்துவிட்டது: பேச்சு, ஆர்வம், குளிக்கவும் உடுத்தவும் வேண்டிய முனைப்பு. வீட்டார் இதைச் சோம்பேறித்தனம் என்று திட்டுவார்கள். இரட்டை ஆளுமைக்கும் இந்த நோய்க்கும் சம்பந்தமில்லை. ‘பிளவு’ என்ற கிரேக்க வேர் பெயரில் இருப்பதால் வந்த வினை.

தமிழில் ‘மன அழுத்தம்’ என்று ஸ்ட்ரெஸ்ஸையும் சொல்கிறோம், டிப்ரெஷனையும் சொல்கிறோம். பரீட்சை நெருக்கடி அழுத்தம். பரீட்சை முடிந்தால் தளரும். மனச்சோர்வு என்று நோயாகக் கணிக்க, சோகமோ எதிலும் நாட்டமின்மையோ உட்படக் குறைந்தது ஐந்து அறிகுறிகள் இரண்டு வாரமாவது நீடித்திருக்க வேண்டும். தாளில் எஃப்32 என்ற குறியீடு இருந்தால் அது மனச்சோர்வு. ‘சூசைடல் ஐடியேஷன் +’ என்று கண்டால் அர்த்தம் தேடிக்கொண்டிருக்காமல் அன்றைக்கே டாக்டரிடம் பேசுங்கள். அரசின் மனநல உதவி எண்ணான டெலி மானஸ் 14416-ஐ இரவிலும் எடுப்பார்கள்.

படி 9: உங்கள் சொல் அவர்கள் தாளில் எப்படி விழுகிறது?

‘மயக்கமா வருது’ என்கிறோம். தலை சுற்றுகிறதா, கண் இருட்டுகிறதா, நினைவு தப்பி விழுந்தாரா? முதலாவதற்கு ‘கிடினெஸ்’ என்று எழுதுவார்கள், கடைசிக்கு ‘சின்கோப்’. இரண்டுக்கும் தேடிப் போகும் காரணங்கள் வேறு, பரிசோதனைகள் வேறு. ‘படபடப்பு’ம் அப்படித்தான்: நெஞ்சு வேகமாக அடித்துக்கொள்கிறதா, மனசு பதறுகிறதா? சொல்லை விட்டுவிட்டு நடந்ததைச் சொல்லுங்கள்: ‘காலை ஆறு மணிக்குக் கட்டிலிலிருந்து எழுந்ததும் கண் இருட்டியது, சுவரைப் பிடித்துக்கொண்டார், ஒரு நிமிடத்தில் சரியாகிவிட்டது, விழவில்லை.’ சம்மரி கைக்கு வந்ததும் அந்த வரி எப்படி எழுதப்பட்டிருக்கிறது என்று அங்கேயே பாருங்கள். விழாதவருக்கு ‘சின்கோப்’ என்று இருந்தால் கிளம்புவதற்கு முன்பே திருத்தச் சொல்லுங்கள். அடுத்த ஆஸ்பத்திரியில் முதலில் படிக்கப் போவது அந்த வரியைத்தான்.