கானாவா, வகடுவா? பழைய மேற்கு ஆப்பிரிக்க அரசு ஒன்றுக்குப் பெயர் தேர்ந்தெடுக்கும் முறை

காலனியாட்சிக்கு முந்தைய மேற்கு ஆப்பிரிக்காவைப் பற்றி முதன்முறையாக எழுத முனைபவர் முதல் வரியிலேயே திகைத்துப்போவார். இன்றைய மவுரித்தேனியாவின் தென்கிழக்கிலும் மாலியின் மேற்கிலும் பரவியிருந்த ஓர் அரசை ஒரு நூல் 'கானா' என்கிறது, இன்னொன்று 'வகடு' என்கிறது. ஒரு நூலில் அது பேரரசு. மற்றொன்றில் வெறும் அரசு. இவற்றில் எது உண்மையான பெயர் என்று தேடத் தொடங்கினால் விடை கிடைக்காது. ஒவ்வொரு பெயரையும் யாரோ ஒருவர், ஏதோ ஒரு காலத்தில், ஏதோ ஒன்றைக் குறிப்பதற்காகச் சொல்லியிருக்கிறார். அவர் யார், காலம் எது, குறித்த பொருள் எது என்ற மூன்றையும் பிரித்தறிந்த பிறகே வரலாற்றாசிரியர் ஒரு பெயரைத் தேர்ந்தெடுக்கிறார். அந்த வேலையைப் படிப்படியாகச் செய்து பார்ப்போம். கானாவே நமக்கு முதன்மை எடுத்துக்காட்டு. தேவைப்படும் இடங்களில் மற்ற அரசுகளையும் துணைக்கு அழைத்துக்கொள்வோம்.

படி 1: கிடைக்கும் பெயர்களையெல்லாம் காலத்தோடு எழுதுங்கள்

ஒரு தாளில் பெயர், அதைப் பதிந்தவர், ஆண்டு, பதிந்த இடம் என நான்கு பத்திகள் வரையுங்கள். கானா என்ற பெயர் 8ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த வானியலாளர் அல்-ஃபஸாரி வழியாகவே அரபு மொழி எழுத்துக்கு வந்துவிட்டது. அவர் அதைப் பொன் விளையும் நாடு என்கிறார். மிக விரிவான வருணனையோ 1068ஆம் ஆண்டு வாக்கில் அல்-பக்ரி எழுதியது. அவர் ஸ்பெயினின் முஸ்லிம் ஆட்சிப் பகுதியான அந்தலூசியாவில் இருந்தபடியே, வணிகர்களின் வாய்ச் செய்திகளையும் முந்தைய நூல்களையும் கொண்டு எழுதினார், சகாராவைக் கடந்ததில்லை. இந்தத் தகவலையும் நான்காவது பத்தியில் குறித்துக்கொள்ளுங்கள். தொடக்கநிலையாளர்கள் வழக்கமாக விட்டுவிடுவது அந்தப் பத்தியைத்தான்.

படி 2: அந்தச் சொல் எதைக் குறித்தது என்று கேளுங்கள்

இந்தப் படியில் அவசரம் கூடாது. ஒரே சொல் அரசனின் பட்டமாகவும், தலைநகராகவும், நாடாகவும், மக்களாகவும் பதிவுகளில் மாறி மாறி வரும். கானா என்பது மன்னர்கள் சூடும் பட்டம் என்றும், நாட்டின் பெயர் அவ்கார் என்றும் அல்-பக்ரி தெளிவாக எழுதுகிறார். சில வரிகளுக்குப் பின் அவரே 'கானா நகரம்' என்று ஓர் ஊரை வருணிக்கத் தொடங்குகிறார். அது இரு பகுதிகளால் ஆனதாம்: பன்னிரண்டு பள்ளிவாசல்கள் கொண்ட முஸ்லிம்களின் ஊர் ஒன்று, ஆறு மைல் தொலைவில் அரசர் வாழும் ஊர் மற்றொன்று. ஆக, ஒரே ஆசிரியரிடம் ஒரே சொல் பட்டமாகவும் ஊராகவும் வந்துவிட்டது. அவர் நாட்டின் பெயராகச் சொன்ன அவ்கார் இன்று பெரும்பாலான நூல்களின் தலைப்பில் இல்லை.

சிக்கல் இதோடு முடியவில்லை. அவர் எழுதிய காலத்தில் ஆண்ட மன்னரின் பெயரைத் துன்கா மனின் என்று தருகிறார். 'துன்கா' என்பது அந்நாட்டுச் சொனின்கே மக்களின் மொழியில் அரசரைக் குறிக்கும் சொல். அதாவது, உள்ளூர்ப் பட்டம் மன்னரின் பெயரோடு ஒட்டிக்கொண்டிருக்க, வெளியார் அறிந்த பட்டம் நாட்டின் பெயராக நிலைத்துவிட்டது. இப்படிப்பட்ட இடங்களில் 'கானா என்றால் அரசன், எனவே கானா என்பது பிழையான பெயர்' என்று தீர்ப்பு எழுதிவிடும் ஆர்வம் எழும். அதைத் தவிர்ப்பது நல்லது. பட்டம் நாட்டுப் பெயராவது உலகெங்கும் நிகழ்வதுதான்; எந்தப் பொருளில் நீங்கள் அதைக் கையாளுகிறீர்கள் என்று சொல்லிவிட்டால் போதும்.

படி 3: சொன்னவர் எங்கே நின்று சொன்னார் என்று பாருங்கள்

பழைய மாலி அரசின் மன்னர் மன்சா மூசா 1324இல் ஹஜ் பயணத்தின் வழியில் கெய்ரோவுக்கு வந்தார். அடுத்த இருபது ஆண்டுகளுக்குள் அந்த வருகையைப் பற்றி விசாரித்து எழுதிய அல்-உமரி, எகிப்தியர் அவரைத் 'தக்ரூரின் அரசர்' என்று அழைப்பதாகக் குறிப்பிடுகிறார். அதைக் கேட்டால் அவருக்குப் பிடிக்காது என்றும், தக்ரூர் அவருடைய ஆட்சியில் ஒரு மாகாணம் மட்டுமே என்றும், அவர் விரும்புவது மாலியின் அதிபர் என்று அழைக்கப்படுவதையே என்றும் சேர்த்துச் சொல்கிறார். வெளியார் வைத்த பெயரை ஆண்டவர்கள் ஏற்கவில்லை என்பது அந்தக் காலத்து எழுத்திலேயே பதிவாகியிருப்பது அரிது. எனவே இதை ஓர் அளவுகோலாக வைத்துக்கொள்ளலாம். உங்கள் பட்டியலில் உள்ள ஒவ்வொரு பெயரைப் பார்க்கும்போதும், அது ஒரு துறைமுகத்திலிருந்தோ சந்தையிலிருந்தோ பார்த்தவரின் பெயரா, அரசவையில் வழங்கிய பெயரா என்று கேளுங்கள். மாலி என்பதும்கூட மாண்டே மக்கள் தம் நாட்டைக் குறிக்கும் 'மாண்டென்' என்பதிலிருந்து வேறுபட்ட வடிவமே.

படி 4: சொந்தப் பெயரையும் அதே கண்டிப்போடு சோதியுங்கள்

வெளியார் வைத்த பெயரைச் சந்தேகிக்கக் கற்றுக்கொண்டவர் அடுத்துச் செய்யும் பிழை, மக்களின் சொந்த மரபில் வரும் பெயரைக் கேள்வியின்றி ஏற்பது. சொனின்கே பாணர்களின் வாய்மொழிக் கதைகளில் வகடு என்றொரு நாடு வருகிறது. பீடா என்னும் பாம்பு அதைக் காத்தது. ஆண்டுதோறும் ஒரு கன்னிப்பெண்ணைப் பலியாகப் பெற்றது. அது கொல்லப்பட்டபோது மழையும் பொன்னும் நாட்டை விட்டு நீங்கின. இந்தக் கதைகளைப் பிற்காலத்தவர் கேட்டு எழுதி வைத்தனர். வகடுவும் அல்-பக்ரியின் கானாவும் ஒன்றே என்பது இரு மரபுகளையும் ஒப்பிட்டு அறிஞர்கள் வந்தடைந்த முடிவு. வலுவான முடிவுதான், ஆனால் அல்-பக்ரி வகடு என்று எழுதவில்லை. அகழாய்வும் இங்கே ஓரளவுக்கு மேல் உதவாது. இன்றைய மவுரித்தேனியாவின் தென்கிழக்கில் உள்ள கும்பி சாலேயில் கல் வீடுகளும் பள்ளிவாசலும் கொண்ட பெரிய வணிக நகரம் வெளிப்பட்டிருக்கிறது. அதை அல்-பக்ரி வருணித்த ஊரோடு பலர் பொருத்துகிறார்கள். ஆனால் அரசைத் தன் குடிகள் எப்படி அழைத்தனர் என்பதைச் சுவர்கள் சொல்லாது.

படி 5: இன்றைய வரைபடத்தோடு மோதுகிறதா என்று பாருங்கள்

1957இல் விடுதலை பெற்ற கோல்ட் கோஸ்ட், கானா என்ற பெயரைச் சூடிக்கொண்டது. பழைய கானாவின் எல்லை அந்த நிலத்தை எட்டியதில்லை. பெனின் இன்னும் குழப்பமானது. எடோ மக்களின் பெனின் அரசு, 1897இல் பிரிட்டிஷ் படை தாக்கிச் சூறையாடிய அந்த அரசு, இன்றைய நைஜீரியாவில் இருந்தது. பெனின் குடியரசோ 1975 வரை தாஹோமே என்று அழைக்கப்பட்ட அண்டை நாடு. தாஹோமே அதன் தெற்கில் இருந்த ஃபோன் மக்களின் ஓர் அரசை மட்டும் குறித்ததால், கடற்கரை ஒட்டிய வளைகுடாவின் பெயரை நாடு முழுவதற்கும் வைத்தார்கள். எனவே 'பழைய', 'இடைக்கால' போன்ற அடைமொழியையோ, இடத்தைச் சொல்லும் ஒரு வாக்கியத்தையோ சேர்ப்பது கட்டாயம். பெனினுக்குப் பதிலாக எடோ என்று எழுதித் தப்பிக்கவும் முடியாது. 1991 முதல் நைஜீரியாவில் எடோ என்ற பெயரில் ஒரு மாநிலமே இருக்கிறது.

படி 6: பெயருக்குப் பின்னால் வரும் சொல்லைத் தனியே தீர்மானியுங்கள்

என் கருத்தில், உண்மையான வாதம் இங்கேதான் நடக்கிறது. 1804இல் உஸ்மான் தான் ஃபோடியோ தொடங்கிய ஜிஹாதிலிருந்து இன்றைய வடக்கு நைஜீரியாவில் உருவாகி, 1903இல் பிரிட்டிஷாரிடம் வீழ்ந்த அரசைப் பற்றி 1967ஆம் ஆண்டில் இரு ஆங்கில நூல்கள் வெளிவந்தன. ஒன்றின் தலைப்பு அதைச் சொக்கோட்டோவின் ஃபுலானிப் பேரரசு என்றது. மற்றொன்று சொக்கோட்டோ கிலாஃபத், அதாவது கலீஃபாவின் ஆட்சி, என்றது. முதல் பெயர் ஆண்டவர்களின் இனத்தை முன்னிறுத்துகிறது. இரண்டாவது, அமீருல் மூமினீன் (நம்பிக்கையாளர்களின் தலைவர்) என்ற பட்டத்தோடு ஆட்சியாளர்கள் தம் அரசுக்குக் கோரிய சமயத் தகுதியை முன்னிறுத்துகிறது. பிற்காலத்தில் கிலாஃபத் என்பதே ஆய்வாளரிடையே பெருவழக்காயிற்று. ஆட்சியாளர்களே விட்டுச்சென்ற ஏராளமான அரபு எழுத்துகள் அதற்குச் சான்றாக நின்றன.

இன்றைய கானா குடியரசில் இருந்த அசாந்தே அரசில், பெயருக்குப் பின்னால் வரும் சொல் அரசியல் கருவியாகவே இருந்தது. பிரிட்டிஷார் 1896இல் அசாந்தேஹேனே, அதாவது அசாந்தே மன்னர், முதலாம் பிரெம்பேயைச் சிறைப்பிடித்து நாடுகடத்தினர்; 1924இல் திரும்பவிட்டு, 1926இல் குமாசிஹேனே, அதாவது குமாசி நகர்ப் பகுதியின் தலைவர் என்று மட்டும் ஏற்றனர். 1935இல், பிரெம்பேயின் வாரிசின் காலத்தில், பிரிட்டிஷார் அசாந்தேஹேனே பட்டத்தை மீண்டும் அங்கீகரித்தபோது, அவர்கள் மீட்டமைத்த அமைப்பின் பெயரில் 'கூட்டமைப்பு' என்ற சொல் இருந்தது. 20ஆம் நூற்றாண்டின் இந்த நிர்வாகச் சொல்லை எடுத்து 18ஆம் நூற்றாண்டு அரசின் மேல் பொருத்தினால், குமாசியின் அதிகாரம் எவ்வளவு தூரம் செல்லுபடியானது என்ற கேள்விக்கு ஆராயாமலே விடை சொன்னவர் ஆவீர்கள். பேரரசு என்று எழுதுவதானால் திறை செலுத்திய நாடுகள் எவை என்று காட்டுங்கள். காட்ட முடியாவிட்டால் 'அரசு' என்ற பொதுச்சொல்லே பாதுகாப்பானது.

படி 7: எழுத்துக்கூட்டலும் முதல் குறிப்பும்

பழைய ஆங்கில நூல்கள் அஷாந்தி என்று எழுதியதை இன்றைய ஆய்வு நூல்கள் அசாந்தே என்கின்றன. தமிழிலும் பிந்தியதைப் பின்பற்றி, கட்டுரை முழுவதும் மாற்றாமல் வைத்திருங்கள். முதன்முறை பெயர் வரும் இடத்தில் உங்கள் தேர்வை ஒரே வாக்கியத்தில் வெளிப்படையாகச் சொல்லுங்கள். எடுத்துக்காட்டாக: 'அரபு நூலோர் கானா என்று எழுதியதும், சொனின்கே வாய்மொழி மரபின் வகடுவோடு அறிஞர் பலர் இணைப்பதுமான அரசை இக்கட்டுரை கானா என்றே குறிக்கும், இன்றைய கானா குடியரசு வேறு.' கட்டுரை வணிகப் பாதைகளைப் பற்றியதானால் கானா பொருந்தும், ஏனெனில் சான்றுகள் அரபு நூல்களில் உள்ளன. சொனின்கே மக்களின் நினைவு மரபைப் பற்றியதானால் வகடு என்பதை முன்னால் வையுங்கள்.

பயிற்சி

1852இல் ஜிஹாதைத் தொடங்கிய உமர் தால், 1861இல் இன்றைய மாலியில் உள்ள செகு நகரைக் கைப்பற்றி, 1864இல் இறந்தார். அவருடைய வாரிசுகளிடமிருந்து செகுவை 1890இல் பிரெஞ்சுப் படை பறித்தது. பழைய நூல்கள் அவர் அமைத்த அரசைத் தூகுலோர் பேரரசு என்கின்றன. தூகுலோர் என்பது பிரெஞ்சுக்காரர் வழங்கிய பெயர். அந்த மக்கள் தம்மை ஹால்புலார், அதாவது புலார் மொழி பேசுவோர் என்கிறார்கள். உமர் தாலின் ஆட்சிக்கு உட்பட்டவர்களிலோ பாம்பரா மக்கள் பெருந்தொகையினர். நான்கு பத்திகளையும் வரைந்து, இரண்டாம் படியிலிருந்து தொடங்குங்கள்.