காபித் தோட்டத்து முதலுதவிப் பெட்டி: தயாராக வைத்திருப்பது எப்படி?

ஏற்காட்டில் அடிபட்டவரைச் சேலம் கொண்டுவர 20 கொண்டை ஊசி வளைவுகள் இறங்க வேண்டும். நாகலூர், செம்மநத்தம் பக்கத்துச் சரிவு என்றால், முதலில் தார்ச்சாலை வரைக்கும் தூக்கி வர வேண்டும். அதுவரை கையில் இருக்கும் பெட்டிதான் துணை.

செடிகளின் கிளைகளை வெட்டிவிடும் ஒரு கவாத்துக் காலத்தில் எங்கள் தோட்டத்தில் ஒருவருக்குக் கத்தி நழுவி உள்ளங்கையில் இறங்கிவிட்டது. பெட்டி பக்கத்திலேயே இருந்தது. ஆனால் காயத்தில் வைக்கும் மெல்லிய காஸ் துணி அடியில் புதைந்து கிடந்தது. கத்தரிக்கோலை யாரோ சாக்கு வெட்ட எடுத்துப் போயிருந்தார்கள். பிளாஸ்டர் சுருளின் நுனி, ரத்தம் பட்ட என் விரலுக்கு அகப்படவே இல்லை. அன்றிலிருந்து பெட்டியை இப்படித்தான் அடுக்குகிறேன்.

1. ரப்பர் விளிம்பு வைத்த, இறுக மூடும் பிளாஸ்டிக் பெட்டியாக வாங்குங்கள். மலை ஈரத்தில் அட்டைப் பெட்டி ஊறிவிடும், பிளாஸ்டரின் பசையும் போய்விடும். பூட்டு வேண்டாம்.

2. ரத்தத்தை நிறுத்தும் பொருள்கள் எல்லாவற்றுக்கும் மேலே இருக்கட்டும்: கையுறை இரண்டு ஜோடி, காஸ் துணி, கட்டுத்துணிச் சுருள், கத்தரிக்கோல். கத்தரிக்கோலைக் கயிற்றால் பெட்டியோடு கட்டிவிடுங்கள். பிளாஸ்டரின் நுனியை அரை அங்குலம் உள்பக்கமாக மடித்து ஒட்டிவையுங்கள். அவசரத்தில் இந்தச் சிறு மடிப்பின் அருமை தெரியும். பஞ்சை நேராகக் காயத்தில் வைக்காதீர்கள், இழை ஒட்டிக்கொள்ளும். காஸ் துணியை வைத்துப் பத்து நிமிடம் விடாமல் அழுத்துங்கள். நனைந்தால் எடுத்துப் பார்க்காமல் அதன் மேலேயே இன்னொன்றை வையுங்கள்.

3. அடுத்த அடுக்கு, மிளகு பறிக்க ஏணி ஏறி விழுபவர்களுக்காக: இழுத்துச் சுற்றும் கிரேப் பேண்டேஜ், முக்கோணக் கட்டுத்துணி, முழங்கை நீளத்தில் இழைத்த இரண்டு மூங்கில் பட்டைகள். பாம்பு கடித்த காலை அசையாமல் வைக்கவும் இவையே உதவும். கடிவாய்க்கு மேலே இறுகக் கட்டுவதும் கீறுவதும் கேடு என்பதால், அதற்கென்று கயிறோ பிளேடோ பெட்டியில் வைக்காதீர்கள். கடிபட்டவரை நடக்க விடாமல் தூக்கி வாருங்கள். விஷமுறிவு மருந்து மருத்துவமனையில்தான் கொடுக்க முடியும்.

4. அடியில் காயத்தில் கிருமி கொல்லும் பொவிடோன் அயோடின், பாராசிட்டமால், வயிற்றுப்போக்குக்குத் தண்ணீரில் கலக்கிக் குடிக்கும் ஓ.ஆர்.எஸ். பொட்டலங்கள். எத்தனை மில்லி தண்ணீர் என்பது பொட்டலத்திலேயே அச்சாகியிருக்கும், அந்த அளவு மாறக்கூடாது. கலக்கியதை 24 மணி நேரத்துக்கு மேல் வைக்காதீர்கள். அட்டைப்பூச்சிக்கு ஒரு சிமிழ் உப்பு.

5. மூடியின் உள்பக்கம் பொருள்களின் பட்டியலையும் காலாவதி மாதத்தையும் பெரிய எழுத்தில் ஒட்டுங்கள். கீழே 108. மாதம் ஒருமுறை எல்லாவற்றையும் பாயில் பரப்பிச் சரிபாருங்கள். வெப்பத்தில் ஒட்டிக்கொண்ட கையுறையை அப்போதே மாற்றுங்கள். எடுத்த பொருளை அன்று மாலையே நிரப்புங்கள், ஞாயிற்றுக்கிழமைச் சந்தை வரை தள்ளிப்போடாதீர்கள்.

அடுக்கி முடித்ததும், பெட்டியைப் பார்த்தே இராத ஒருவரைக் கூப்பிட்டு, கையுறை மாட்டிக்கொண்டு காஸ் துணியை எடுக்கச் சொல்லுங்கள். நீங்கள் பத்து எண்ணுவதற்குள் அவர் எடுக்கவில்லை என்றால், மறுபடியும் அடுக்குங்கள்.