ஈரான் தேர்தலை எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

2024 ஜூலை 6ஆம் தேதி, சனிக்கிழமை. ஈரான் அதிபர் தேர்தலின் இரண்டாம் சுற்றில் சீர்திருத்தவாதியான மசூத் பெசெஷ்கியான் வென்ற செய்தி வந்திருந்தது. எங்கள் உலகச் செய்திப் பிரிவில் சேர்ந்து ஓராண்டு நிறையாத இளைஞர் ஒருவர் அதை எழுதி என்னிடம் காட்டினார். "ஈரான் மக்களில் பாதிக்கு மேற்பட்டோரின் ஆதரவைப் பெற்று" என்று அது தொடங்கியது. அந்த வரியைப் படித்ததும், மூன்றாண்டுகளுக்கு முன்பு இதே பிரிவில் அமர்ந்து நான் எழுதிய ஒரு தலைப்பு நினைவுக்கு வந்து மனம் கசந்தது. அன்று எனக்குச் சொல்ல ஆளில்லை. இப்போது வருகிறவர்களுக்காவது சொல்லி வைக்க வேண்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

ஈரானியர் அரபியர் அல்லர், அவர்களுடைய ஆட்சிமொழி பாரசீகம், பெரும்பான்மையோர் ஷியா பிரிவினர் என்பன போன்றவற்றை இங்கே விளக்கவில்லை. அவற்றைத் தவறாக எழுதுபவர்கள் இப்போது குறைவு. விவரம் தெரிந்தவர்களும் சறுக்குகிற இடங்களை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

அதிபரை ஆட்சியின் உச்சமாக எழுதுவது

ஈரான் அரசமைப்பின் 113ஆம் பிரிவு, அதிபர் பதவியை, நாட்டின் உச்ச அதிகாரம் கொண்ட சமயத் தலைவரான உயர் தலைவருக்கு அடுத்த இடத்தில் வைக்கிறது. படைகளின் தலைமை, நீதித்துறைத் தலைவர் நியமனம், அரசு வானொலி தொலைக்காட்சியின் தலைவர் நியமனம் ஆகிய மூன்றும் உயர் தலைவரின் கையில் இருப்பவை. 1989இல் அரசமைப்பைத் திருத்திப் பிரதமர் பதவியை நீக்கியபோது அதிபரின் நிர்வாகப் பொறுப்பு கூடியதே தவிர, இந்த அடுக்கு மாறவில்லை. அதிபர் தேர்தல் செய்தியில் இதற்கு ஒரு வாக்கியமாவது ஒதுக்குங்கள்.

வேட்பாளர் பட்டியல் வெளியான நாளில் கதையைத் தொடங்குவது

ஈரானில் தேர்தல் அதற்கு முன்பே பாதி முடிந்துவிடுகிறது. பாதுகாவலர் சபை என்ற அமைப்பில் 12 பேர் இருக்கிறார்கள். ஆறு பேர் உயர் தலைவர் நியமிக்கும் சமயச் சட்ட அறிஞர்கள். மற்ற ஆறு பேர் நீதித்துறைத் தலைவர் முன்மொழிந்து நாடாளுமன்றமான மஜ்லிஸ் தேர்ந்தெடுக்கும் சட்ட வல்லுநர்கள். அந்த நீதித்துறைத் தலைவரும் உயர் தலைவரால் நியமிக்கப்படுபவர்தான். அதிபர் பதவிக்கும் மஜ்லிஸுக்கும் மட்டுமல்லாமல், உயர் தலைவரைத் தேர்ந்தெடுக்கும் 88 பேர் கொண்ட நிபுணர் அவைக்கும் யார் போட்டியிடலாம் என்பதை இந்தச் சபையே முடிவு செய்கிறது.

2021இல் அதிபர் பதவிக்கு மனு அளித்த 592 பேரில் ஏழு பேருக்குத்தான் அனுமதி கிடைத்தது. 2024இல் 80 பேர் பதிவு செய்தார்கள். ஆறு பேர் மிஞ்சினார்கள். தள்ளப்பட்டவர்கள் முகம் தெரியாதவர்கள் என்று நினைத்துவிடாதீர்கள். இரண்டு முறை அதிபராக இருந்த ரஃப்சஞ்சானியை 2013இல் போட்டியிடவிடாமல் தடுத்தார்கள். மஜ்லிஸ் சபாநாயகராகப் பல ஆண்டுகள் இருந்த அலி லாரிஜானியை 2021இலும் 2024இலும் தடுத்தார்கள். எட்டு ஆண்டுகள் அதிபராக இருந்துவிட்டு வந்த ஹசன் ரூஹானிக்கு 2024இல் நிபுணர் அவைக்குப் போட்டியிடக்கூட அனுமதி கிடைக்கவில்லை. பெசெஷ்கியானையே எடுத்துக்கொள்ளுங்கள். 2021இல் அவரது மனுவை நிராகரித்த அதே சபை 2024இல் ஏற்றுக்கொண்டது, அவர் அதிபரானார். ஆகவே பட்டியல் வெளியான அன்று உள்ளே யார் என்று எழுதுவதற்கு முன்னால், வெளியே யார் நிற்கிறார்கள் என்று எழுதிப் பழகுங்கள்.

வாக்களிக்க வராதவர்களைக் கடைசி வரிக்குத் தள்ளுவது

நான் செய்த தவறு இது. இன்றுவரை என்னை உறுத்துவதும் இதுதான்.

2021 ஜூன் 18 அன்று நடந்த அதிபர் தேர்தலில் பழமைவாதியான இப்ராஹிம் ரைசி ஏறத்தாழ 62 சதவீத வாக்குகளுடன் வென்றார். இரவுப் பணியில் இருந்த நான், ஏஜென்சி செய்தியில் அந்த எண்ணைப் பார்த்ததும் "மூன்றில் இரண்டு பங்கு மக்கள் ரைசி பக்கம்" என்ற பொருள்பட நான்கு பத்தி அகலத்துக்குத் தலைப்பு வைத்தேன். 48.8 சதவீதம் பேர்தான் வாக்களித்தார்கள் என்ற தகவலும் செய்தியில் இருந்தது. கடைசிப் பத்தியில் இருந்தது. இடம் போதாமல் பக்கத்தை வெட்டியபோது அந்தப் பத்தி போய்விட்டது. செய்தியை வெட்டும்போது கடைசிப் பத்திதான் முதலில் போகும் என்பது இந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரியும். தெரிந்திருந்தும் அதை அங்கே வைத்தது நான்.

நான்கு நாள் கழித்து ஒரு வாசகரிடமிருந்து அஞ்சலட்டை வந்தது. ஓய்வுபெற்ற கணக்காசிரியர் என்று தம்மைக் குறிப்பிட்டிருந்தார். திட்டு ஏதும் இல்லை. நீல மையில் ஒரு பெருக்கல் மட்டும் போட்டிருந்தார்: 48.8ஐ 62ஆல் பெருக்கி நூறால் வகுத்து, விடையாக வந்த 30ஐச் சுற்றி ஒரு வட்டம் போட்டு, "மூன்றில் ஒரு பங்குகூட இல்லையே, அம்மா" என்று கீழே ஒரே வரி எழுதியிருந்தார். அந்த அட்டையை இன்னும் என் மேசை இழுப்பறையில் வைத்திருக்கிறேன்.

அவருடைய கணக்கு சரி. வாக்குரிமை உடையவர்கள் ஏறத்தாழ 5 கோடியே 93 லட்சம் பேர். வாக்களித்தவர்கள் 2 கோடியே 89 லட்சம். ரைசிக்குக் கிடைத்தது 1 கோடியே 80 லட்சம். அதைவிட முக்கியமான எண் ஒன்று என் கண்ணிலேயே படவில்லை. செல்லாத வாக்குகளும் வெற்றுச் சீட்டுகளுமாக 37 லட்சத்துக்கு மேல் விழுந்திருந்தன. இரண்டாம் இடம் பெற்ற மொஹ்சென் ரெசாயிக்குக் கிடைத்தவை ஏறத்தாழ 34 லட்சம். அதாவது அந்தத் தேர்தலில் எந்தப் பெயருக்கும் சேராத சீட்டுகள், தோற்றவர்கள் ஒவ்வொருவரையும் முந்தி நின்றன. ஈரானில் வாக்காளர் தாம் விரும்பும் வேட்பாளரின் பெயரைச் சீட்டில் கையால் எழுத வேண்டும். வரிசையில் நின்று, சீட்டை வாங்கி, எதுவும் எழுதாமல் மடித்துப் பெட்டியில் போட்டவர்களை நினைத்துப் பாருங்கள். வாக்களித்தால் அடையாளப் புத்தகமான ஷெனாஸ்நாமேயில் முத்திரை குத்தும் வழக்கம் அங்கே நெடுங்காலம் இருந்தது. முத்திரை இல்லாவிட்டால் அரசு வேலையில் சிக்கல் வரலாம் என்ற அச்சமும் உண்டு. அதனால் வந்தவர்கள் எல்லோரும் ஆதரித்து வந்தவர்கள் என்று சொல்வதற்கில்லை.

இதனால் என்ன நட்டம் என்று கேட்கலாம். மறுநாளே ஒரு திருத்தம் போட்டுவிட்டு நகரக்கூடிய தவறாக இது இருந்திருந்தால் இவ்வளவு எழுதமாட்டேன். அந்தத் தலைப்பை நம்பியே அடுத்த ஞாயிறு முழுப்பக்கக் கட்டுரை ஒன்று வந்தது. ஈரான் சமூகம் பழமைவாதத்தின் பக்கம் சாய்ந்துவிட்டதாக அதில் எழுதியிருந்தோம். 15 மாதங்களுக்குப் பிறகு, 2022 செப்டம்பர் 16 அன்று, சக்கேஸ் நகரைச் சேர்ந்த 22 வயதுக் குர்து இனப் பெண் மஹ்சா அமீனி, தலைமுக்காடு விதிகளின் பேரில் தெஹ்ரானில் கைது செய்யப்பட்டு, காவலில் இருந்தபோது மயங்கி விழுந்து மருத்துவமனையில் இறந்தார். "பெண், வாழ்வு, விடுதலை" என்ற முழக்கத்தோடு நாடு முழுவதும் மக்கள் தெருவுக்கு வந்தார்கள். "போன வருஷம்தானே இவ்வளவு பேர் ஆதரிச்சாங்கன்னு போட்டீங்க?" என்று வாசகர்கள் தொலைபேசியில் கேட்டபோது எங்களிடம் பதில் இல்லை. பதில் அந்த வெட்டுப்பட்ட பத்தியில் இருந்தது. 2020 மஜ்லிஸ் தேர்தலிலேயே வாக்குப்பதிவு 42.57 சதவீதமாக இறங்கியிருந்தது, தலைநகர் தெஹ்ரானில் அதைவிடவும் மோசம். மக்கள் இரண்டு ஆண்டுகளாக வீட்டில் இருந்தபடி சொல்லிக்கொண்டிருந்ததை நாங்கள் ஒப்புதல் என்று அச்சிட்டிருந்தோம்.

பழைய எண் ஒன்றையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 2009 தேர்தலில் அப்போதைய அதிபர் அஹ்மதிநெஜாதுக்கும் ஏறத்தாழ 62 சதவீதம் என்றுதான் அறிவித்தார்கள். ஆனால் அப்போது அதிகாரபூர்வக் கணக்கின்படி 85 சதவீதம் பேர் வாக்களித்திருந்தார்கள். முடிவை ஏற்காத இலட்சக்கணக்கானோர் பச்சை நிறம் அணிந்து "என் வாக்கு எங்கே?" என்று கேட்டுத் தெருவில் இறங்கினார்கள். எதிர்த்துப் போட்டியிட்ட மீர் ஹுசைன் மௌசவி 2011 முதல் வீட்டுக்காவலில் வைக்கப்பட்டார். தம் வாக்குக்கு மதிப்புண்டு என்று நம்பியவர்கள்தாம் 2009இல் அதைத் தேடினார்கள். 2021இல் தெரு அமைதியாக இருந்ததற்குக் காரணம், பலர் அந்த நம்பிக்கையையே விட்டுவிட்டதுதான் என்பது என் கணிப்பு. ஒரே 62, பொருள் முற்றிலும் வேறு. வாக்குப்பதிவு விகிதமும் உள்துறை அமைச்சகம் தரும் எண் என்பதால், "அரசு அறிவிப்பின்படி" என்ற சொற்களை விடாதீர்கள்.

வராதவர்கள் எல்லோரும் ஒரே கருத்துடையவர்கள் என்று எழுதுவது அடுத்த பிழை. 2024 ஜூன் 28இல் முதல் சுற்றில் வாக்குப்பதிவு 39.9 சதவீதம், இஸ்லாமியக் குடியரசின் வரலாற்றில் அதிபர் தேர்தல் எதற்கும் அவ்வளவு குறைவாக மக்கள் வந்ததில்லை. ஒரே வாரத்தில் இரண்டாம் சுற்றில் அது 49.8 ஆக ஏறியது. ஏறத்தாழ 60 இலட்சம் பேர் கூடுதலாக வந்திருந்தார்கள். பெசெஷ்கியானை விரும்பியவர்களும், அவரை எதிர்த்து நின்ற கடும்போக்காளர் சயீத் ஜலீலி அதிபராகிவிடக் கூடாது என்று அஞ்சியவர்களும், ஜலீலிக்காகவே வந்தவர்களும் அதில் இருந்தார்கள். அப்படியும் பாதிப்பேர் வீட்டிலேயே இருந்தார்கள். அன்று அந்த இளைஞர் எழுதிய "பாதிக்கு மேற்பட்டோர்" என்பது வாக்களித்தவர்களில் பாதிக்கு மேற்பட்டோர். வாக்குரிமை உள்ளவர்களோடு ஒப்பிட்டால் பெசெஷ்கியான் பெற்ற 1 கோடியே 63 லட்சம் வாக்குகள் நான்கில் ஒரு பங்கைச் சற்றே தாண்டும்.

முடிவு வரும் இரவில் நான் இப்போது செய்வது இதுதான்: தலைப்பை எழுதுவதற்கு முன் ஒரு தாளில் வாக்குரிமை பெற்றவர்கள், வந்தவர்கள், செல்லாதவை, வென்றவருக்குக் கிடைத்தவை என்ற நான்கு எண்களையும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதிக்கொள்கிறேன். முதல் இரண்டு எண்களும் செய்தியின் முதல் பத்தியிலேயே வந்துவிட வேண்டும்.

"சீர்திருத்தவாதி வென்றார், இனி மாற்றம்தான்"

சீர்திருத்தவாதியான முகமது கத்தாமி 1997இல் 2 கோடி வாக்குகளுடன் அதிபராக வந்தார். அவருடைய ஆட்சியிலேயே, 2000இல், சீர்திருத்த ஆதரவு நாளேடுகளை நீதிமன்றங்கள் வரிசையாக மூடின. அதிபரின் அதிகாரத்தைக் கூட்டக் கோரி அவர் கொண்டுவந்த மசோதாவைப் பாதுகாவலர் சபை ஏற்கவில்லை.

தெஹ்ரானை ஈரான் என்று எண்ணுவது

அஸெரி மக்களின் தப்ரீஸ், குர்துகளின் மஹாபாத், சக்கேஸ், பலூச்சிகளின் ஜாஹெதான் ஆகிய ஊர்களை வரைபடத்தில் ஒருமுறை பார்த்துவிட்டு எழுதுங்கள்.

நாள்காட்டி

ஈரானியர் தம் சொந்த நாள்காட்டியின்படி, கத்தாமி வென்ற தேர்தல் நாளை "இரண்டாம் கொர்தாத்" என்பார்கள். கொர்தாத் என்பது அந்த நாள்காட்டியின் ஒரு மாதம். அந்த நாள் 1997 மே 23. மொழிபெயர்க்கும்போது ஜூன் 2 என்று மாற்றிவிடாதீர்கள்.

பெண்களின் கதையைத் தலைமுக்காட்டோடு முடித்துவிடுவது

மஹ்சா அமீனிக்குப் பிறகு நம் பத்திரிகைகளில் வரும் ஈரான் பெண் ஒவ்வொருவரும் முக்காட்டைக் கழற்றுகிறார் அல்லது அணிகிறார். அதற்கு மேல் அவருக்கு வாழ்க்கையே இல்லாததுபோல எழுதுகிறோம். ஈரான் பெண்களுக்கு 1963இலேயே வாக்குரிமை வந்துவிட்டது. 1979 புரட்சிக்குப் பிந்தைய முதல் ஆண்டுகளில் ஒரு பெண்ணுக்குச் சராசரியாக ஆறு குழந்தைகளுக்கு மேல் இருந்த நிலை, ஒரே தலைமுறையில் ஏறத்தாழ இரண்டாகக் குறைந்தது. கிராமங்கள்வரை சென்ற சுகாதார நிலையங்களும் பெண் கல்வியும் அதற்கு முதன்மைக் காரணங்கள். 2000ஆம் ஆண்டையொட்டிப் பல்கலைக்கழகங்களில் புதிதாகச் சேர்பவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் பெண்களாக இருந்தார்கள். 2022இல் தெருவுக்கு வந்தவர்கள் அந்தப் பெண்களும் அவர்களுடைய பிள்ளைகளும். இந்த மாற்றத்தின் பெரும்பகுதி நடந்தது இஸ்லாமியக் குடியரசின் கீழேதான் என்பதை எழுதத் தயங்க வேண்டாம். இன்றைய மோதலைப் புரிந்துகொள்ள அது தேவை.

தேர்தல் சட்டத்திலும் இந்த முடிச்சு உண்டு. அதிபராக வருபவர் "ரிஜால்" என்ற வகையினராக இருக்க வேண்டும் என்கிறது அரசமைப்பின் 115ஆம் பிரிவு. அந்த அரபுச் சொல் ஆண்களைக் குறிக்கிறதா, பொதுவாழ்வில் பெயர்பெற்ற மனிதர்களைக் குறிக்கிறதா என்பது பல ஆண்டு விவாதம். அதைச் சோதிப்பதற்காகவே பெண் அரசியல்வாதியான அஸம் தாலெகானி 1997இல் அதிபர் பதவிக்கு மனு அளித்தார். பிறகும் பெண்கள் மனு அளித்துவருகிறார்கள். ஒருவருக்கும் அனுமதி கிடைக்கவில்லை. ஆனால் 2016இல் அமைந்த மஜ்லிஸில் 17 பெண்கள் இடம்பெற்றார்கள், அவர்களுடைய எண்ணிக்கை அங்கிருந்த மதகுருமார்களின் எண்ணிக்கையை விட ஒன்று கூடுதல்.

முக்காடு பற்றி எழுதியே ஆக வேண்டிய நாளும் வரும். அப்போது சட்டம் எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று பாருங்கள். கடும் அபராதங்களை விதிக்கும் முக்காடு மசோதாவை மஜ்லிஸ் 2023 செப்டம்பரில் நிறைவேற்றியது. பாதுகாவலர் சபையின் ஒப்புதலும் ஓராண்டு கழித்துக் கிடைத்தது. 2024 டிசம்பரில் அது நடைமுறைக்கு வர வேண்டிய வாரத்தில், உயர் தேசியப் பாதுகாப்பு மன்றம் அதை நிறுத்திவைத்தது. சட்டம் நீக்கப்படவில்லை, திரும்பப் பெறப்படவும் இல்லை. அன்று எங்கள் பிரிவுக்கு வந்த முதல் வரைவில் "முக்காடு சட்டம் ரத்து" என்று இருந்தது. எழுதியவர் ஜூலையில் "பாதிக்கு மேற்பட்டோர்" என்று எழுதிய அதே இளைஞர். இந்த முறை நான் பேனாவை எடுப்பதற்குள் அவரே அதை அடித்து, "நிறுத்திவைப்பு" என்று மாற்றிவிட்டு, நிறுத்தியது யார் என்பதையும் முதல் பத்திக்குக் கொண்டுவந்திருந்தார்.