ரோமானியர் பிரிட்டனைப் பிடித்த கதை: நாம் வழக்கமாகச் செய்யும் தவறுகள்

"வந்தேன், கண்டேன், வென்றேன்" என்ற வசனத்தை ஜூலியஸ் சீசர் பிரிட்டன் கடற்கரையில் சொன்னதாக எழுதுபவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அது கி.மு. 47-இல், இன்றைய துருக்கியில் இருக்கும் ஜேலாவில் கிடைத்த வெற்றியைப் பற்றியது. பிரிட்டனைப் பொறுத்தவரை அவர் வந்தார், கண்டார், திரும்பிப் போனார். அதுவும் இரண்டு முறை.

சீசர்தான் பிரிட்டனைப் பிடித்தார் என்று நினைப்பதிலிருந்துதான் மற்ற தவறுகள் கிளைவிடுகின்றன. கி.மு. 55-இல் அவர் இரண்டு லீஜன்களைச் சுமார் 80 கப்பல்களில் ஏற்றிக்கொண்டு போனார். லீஜன் என்றால் ஏறக்குறைய 5,000 பேர் கொண்ட படையணி. குதிரைப்படையை ஏற்றிய 18 கப்பல்கள் காற்றில் அடிபட்டுக் கரைசேரவே இல்லை. கப்பல்கள் ஆழமான தண்ணீரில் நிற்க, வீரர்கள் கவசத்தோடு கடலில் குதிக்கத் தயங்கினார்கள். பத்தாவது லீஜனின் கழுகுக் கொடியைத் தூக்கிவந்தவன் முதலில் குதித்தான். கொடி எதிரி கையில் சிக்கினால் அவமானம் என்று மற்றவர்களும் பின்னால் குதித்தார்கள்.

உண்மையான அடி நான்காம் நாள் இரவு விழுந்தது. அன்று பௌர்ணமி. மத்தியதரைக் கடலில் தண்ணீர் ஏறி இறங்குவது பெரிதாகத் தெரியாது, ஆங்கிலக் கால்வாயில் நிலைமை வேறு. ஏறிவந்த தண்ணீரும் புயலும் சேர்ந்து, கரையில் இழுத்துவிட்ட கப்பல்களையும் நங்கூரமிட்டு நின்றவற்றையும் நொறுக்கின. சரி, பாடம் படித்திருப்பார் என்று பார்த்தால், அடுத்த வருடம் ஐந்து லீஜன்கள், 800-க்கும் மேற்பட்ட கப்பல்கள் என்று பெரிதாகக் கிளம்பிப் போய், மறுபடியும் கப்பல்களை நங்கூரத்திலேயே நிறுத்தினார். மறுபடியும் புயல். சுமார் 40 கப்பல்கள் போயின. கடைசியில் பிணையாளிகளை வாங்கிக்கொண்டு, கப்பம் கட்டச் சொல்லிவிட்டு, ஒரு வீரனைக்கூட அங்கே விடாமல் திரும்பினார். அந்தத் தீவில் வெள்ளி கிடையாது, அடிமைகளைத் தவிரக் கொள்ளைக்கு ஒன்றும் தேறாது என்று ரோமானிய அரசியல்வாதி சிசரோ தன் நண்பருக்குக் கடிதம் எழுதினார்.

உண்மையான படையெடுப்பு கிட்டத்தட்ட நூறு வருடம் கழித்து, கி.பி. 43-இல் நடந்தது. பேரரசர் கிளாடியஸ், தளபதி ஆலஸ் பிளாட்டியஸ், நான்கு லீஜன்கள், அதற்கு இணையான துணைப்படைகள். ரோமானியப் படை என்றால் சொன்னதும் ஓடும் இயந்திரம் என்று நினைப்பவர்களுக்கு இங்கே ஒரு காட்சி இருக்கிறது. உலகத்தின் விளிம்பைத் தாண்டிப் போகமாட்டோம் என்று வீரர்கள் கால்வாய்க் கரையில் முரண்டு பிடித்தார்கள். கிளாடியஸ் தன் அலுவலர் நார்சிசஸை அனுப்பினார். அவர் அடிமையாக இருந்து விடுதலை பெற்றவர். அவர் தளபதியின் மேடையில் ஏறிப் பேசத் தொடங்கியதும் வீரர்கள் "இயோ சாட்டர்னாலியா" என்று கூவினார்கள். சாட்டர்னாலியா திருவிழாவில் அடிமைகள் எஜமான் உடையைப் போட்டுக்கொள்வார்கள். அதைச் சொல்லித்தான் அந்தக் கிண்டல். கூச்சல் போட்டு முடித்ததும் கோபம் தணிந்து, அப்புறம் கப்பலேறினார்கள்.

படையில் இருந்தவர்கள் எல்லோரும் இத்தாலிக்காரர்கள் என்பது இன்னொரு தப்பு. மெட்வே என்று பொதுவாகக் கருதப்படும் ஆற்றைக் கவசத்தோடு நீந்திக் கடந்து, பிரிட்டானியரின் ரதங்களில் பூட்டிய குதிரைகளைக் குறிவைத்துத் தாக்கியவர்கள், ரைன் ஆற்றுப் பக்கத்துப் படேவியர்கள் என்பதே பல ஆய்வாளர்களின் கருத்து. ஒரு பழங்குடியை அடக்க, ஏற்கெனவே அடக்கிய இன்னொரு பழங்குடியை முன்னால் விடுவது ரோமின் பழைய உத்தி. பின்னாளில் ஸ்காட்லாந்தில் நடந்த மான்ஸ் கிரௌப்பியஸ் போரிலும் சண்டையை முடித்தது படேவிய, துங்கிரிய துணைப்படைகள்தான். லீஜன்கள் பின்னால் நின்று பார்த்தன.

எல்லாவற்றையும்விட எனக்கு உறுத்துவது "ரோமானியர் எதிர் பிரிட்டானியர்" என்று இரண்டே கட்சியாகக் கதை சொல்வது. அப்போது பிரிட்டன் என்று ஒரு நாடே கிடையாது. அட்ரபேட்டீஸ், கட்டுவெல்லௌனி, ஐசீனி, பிரிகாண்டீஸ் என்று பல பழங்குடிகள், ஆளுக்கொரு அரசர், ஆளுக்கொரு பகை, சிலருக்குச் சொந்த நாணயம்கூட இருந்தது. விரட்டப்பட்ட அட்ரபேட்டீஸ் அரசர் வெரிக்கா ரோமுக்கு ஓடிவந்து முறையிட்டதுதான் படையெடுப்புக்குச் சாக்கு. கிளாடியஸ் யானைகளோடு வந்து 16 நாள் மட்டுமே பிரிட்டனில் இருந்தார். 11 அரசர்கள் பணிந்தார்கள் என்று ரோமில் கட்டிய வளைவில் பொறித்துக்கொண்டார். தெற்கே டோகிடுப்னஸ் என்ற அரசர் கடைசிவரை ரோமின் ஆளாகவே இருந்தார். எட்டு வருடம் எதிர்த்து நின்ற கட்டுவெல்லௌனித் தலைவர் கரட்டகஸ் தோற்று, பிரிகாண்டீஸ் அரசி கார்ட்டிமாண்டுவாவிடம் அடைக்கலம் தேடிப் போனபோது, அவரைச் சங்கிலி போட்டு ரோமானியரிடம் ஒப்படைத்தது அந்த அரசிதான். கதவின் பாதித் தாழ்ப்பாள் உள்ளேயிருந்தே திறந்தது. அதற்காக வெரிக்காவையோ கார்ட்டிமாண்டுவாவையோ துரோகி என்பதும் சரியல்ல. பக்கத்து இனத்தானே எதிரியாக இருந்த காலத்தில் "நம் நாடு" என்று எதை நினைத்து அவர்கள் விசுவாசமாக இருந்திருக்க முடியும்?

பூடிக்காவின் கிளர்ச்சியை (கி.பி. 60-61) வெறும் அவமானத்துக்குப் பழி என்று சொல்லிவிடுகிறோம். அவமானம் உண்மை. ஐசீனி அரசர் பிரசுடகஸ், பேரரசர் நீரோவையும் தன் இரு மகள்களையும் வாரிசாக உயில் எழுதிவைத்தார். அவர் இறந்ததும் அதிகாரிகள் முழுவதையும் சுருட்டி, மனைவி பூடிக்காவைச் சவுக்கால் அடித்தார்கள், மகள்களைச் சீரழித்தார்கள். ஆனால் கணக்குப் புத்தகத்தையும் புரட்ட வேண்டும். தத்துவஞானி செனெகா பிரிட்டானியருக்குக் கொடுத்த 4 கோடி செஸ்டர்ஸ் (ரோமானிய நாணயம்) கடனை ஒரே மூச்சில் திருப்பிக் கேட்டார் என்கிறார் ரோமானிய வரலாற்றாசிரியர் டியோ. கமுலோடுனத்தில், அதாவது இன்றைய கோல்செஸ்டரில், ஓய்வுபெற்ற வீரர்கள் உள்ளூர்க்காரர்களை வீடு, நிலத்திலிருந்து துரத்தியிருந்தார்கள். அந்த ஊருக்கு மதில்கூடக் கட்டவில்லை. உதவி கேட்டபோது வரி அதிகாரி அனுப்பியது 200 பேரை. ஊர் எரிந்தது. லண்டனும், இன்றைய செயின்ட் ஆல்பன்ஸான வெருலேமியமும் எரிந்தன. கோல்செஸ்டரில் தோண்டினால் இன்றும் அந்தச் செம்மண் சாம்பல் அடுக்கு வருகிறது. கரிக்கட்டையாகிப்போன பேரீச்சம்பழங்கள்கூட அங்கே கிடைத்திருக்கின்றன.

பூடிக்காவின் இறுதிப் போரில் 80,000 பிரிட்டானியர் செத்தார்கள், ரோமானியர் 400 பேர்தான் என்ற கணக்கை அப்படியே காப்பியடிக்காதீர்கள். அது ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிடஸ் எழுதியது, அவரும் "சிலர் சொல்கிறார்கள்" என்றுதான் எழுதினார். அதேபோல, "பாலைவனமாக்கிவிட்டு அமைதி என்று பெயர் வைக்கிறார்கள்" என்ற வரியை, மான்ஸ் கிரௌப்பியஸில் ரோமானியரை எதிர்த்த பழங்குடித் தலைவர் கல்ககஸின் நேரடிப் பேச்சாக மேற்கோள் காட்டுகிறார்கள். அதை எழுதியவரும் டாசிடஸ்தான், எதிர்த்தரப்புத் தளபதி அக்ரிகோலாவின் மருமகன். ரோமின் மீது இத்தனை கூர்மையான குற்றச்சாட்டை ஒரு ரோமானியரே எழுதினார் என்பது எனக்கு அதைவிடச் சுவையாகத் தெரிகிறது.

கடைசியாக, முழுத் தீவும் ரோமின் கைக்குப் போனது என்ற நினைப்பு. போகவில்லை. மான்ஸ் கிரௌப்பியஸில் வென்ற சில வருடங்களுக்குள் மற்ற எல்லைகளில் ஆள் தேவைப்பட்டதால், வட ஸ்காட்லாந்தைக் கைவிட்டார்கள். இஞ்ச்டுதில் என்ற இடத்தில் முழுதாகக் கட்டி முடிக்காத கோட்டையைத் தாங்களே பிரித்துப்போட்டார்கள். மரத்தையும் கல்லையும் அப்புறப்படுத்தலாம், ஆணியை என்ன செய்வது? விட்டுப்போனால் பழங்குடியினர் அதைக் காய்ச்சி ஈட்டியாக அடித்துவிடுவார்கள். ஒரு பட்டறையின் தரையில் ஆழமாகக் குழி தோண்டி, ஏழரை லட்சத்துக்கும் மேற்பட்ட இரும்பு ஆணிகளைக் கொட்டி, மேலே மண்ணைப் போட்டு மூடிவிட்டுக் கிளம்பினார்கள். 1960 வாக்கில் அகழாய்வாளர்கள் தோண்டியபோது, வெளிப்பக்கத்து ஆணிகள் துருவேறி ஓடுபோல மூடியிருக்க, நடுவில் இருந்தவை புதிதுபோலவே இருந்தன.